தங்கப் பனையைப் பிரேசிலுக்குக் கொண்டுபோன நடிகர்: அன்செல்மோ துவார்ட்டே

கேள்வி, 26 மே 2025

பிரேசில் நடிகர் வாக்னர் மோராவுக்குக் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது. அதே 'ரகசிய ஏஜென்ட்' படத்துக்காக க்ளெபர் மென்டோன்சா ஃபில்யோவுக்குச் சிறந்த இயக்குநர். மகிழ்ச்சிதான். ஆனால் 1959இல் 'கறுப்பு ஓர்ஃபியஸ்' வாங்கியதை விட்டால் பிரேசிலுக்கு அந்த விழாவின் உச்ச விருதான தங்கப் பனை கிடைத்ததே இல்லை. நடிகராக இருந்து இயக்குநரானவர் என்று தேடினாலும் அங்கே மோராவைத் தவிர சொல்லிக்கொள்கிற மாதிரி யாரும் இல்லை. மறுப்பவர் உண்டா?

26 மே, இரவு

உண்டு. இரண்டையும் மறுக்கிறேன்.

'கறுப்பு ஓர்ஃபியஸ்' ரியோவில் எடுத்தது, போர்த்துகீசிய மொழி பேசுவது, வினிசியுஸ் தி மொராய்ஸின் நாடகத்திலிருந்து வந்தது. எல்லாம் சரி. ஆனால் இயக்கிய மார்செல் கமு பிரெஞ்சுக்காரர். படம் போட்டியிட்டது பிரான்சின் சார்பில். ஆஸ்கரும் பிரான்சின் கணக்கில்தான் போனது.

பிரேசிலின் சொந்தத் தங்கப் பனை 1962இல் வந்தது. படம் 'ஓ பகடோர் டி ப்ரோமெசாஸ்', நேர்த்திக்கடன் செலுத்துபவன் என்று பொருள். இயக்கியவர் அன்செல்மோ துவார்ட்டே. அதுவரை அவர் ஊரறிந்த காதல் நாயகன். இந்த வருடம் வரை அந்த நாட்டுக்கு வேறு தங்கப் பனை கிடையாது.

மோரா இயக்கியது 'மாரிகெல்லா' ஒன்றுதான், 2019இல் பெர்லினில் திரையிட்டார்கள், பிரேசிலில் வெளியாக 2021 ஆனது. நல்ல படம். ஆனால் பட்டியலை அவரிடம் தொடங்கி அவரிடமே முடித்தால் செல்டன் மெல்லோ கோபித்துக்கொள்வார். அவர் இயக்கி நடித்த 'ஓ பல்யாசோ' (2011) கையில் இருந்தால் இன்றைக்கே பாருங்கள்.

27 மே

துவார்ட்டே யார் என்று கேட்டிருக்கிறீர்கள். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

1920 ஏப்ரல் 21இல் சாவோ பாவ்லோ மாநிலத்தின் சால்ட்டோ என்ற ஊரில் பிறந்தார். தியெத்தே ஆற்றங்கரை, நெசவாலைகள் உள்ள சின்ன ஊர். ஏழைக் குடும்பம். அண்ணன் உள்ளூர்க் கொட்டகையில் படம் ஓட்டுபவர். பையனுக்கு அங்கேயே ஒரு வேலை கிடைத்தது: திரையை நனைப்பது. அப்போது சில கொட்டகைகளில் திரைக்குப் பின்னாலிருந்து படம் காட்டுவார்கள். துணி ஈரமாக இருந்தால்தான் ஒளி ஊடுருவி இந்தப் பக்கம் தெரியும். இதைத் துவார்ட்டே பேட்டிகளில் சலிக்காமல் சொல்லியிருக்கிறார். எனக்கும் கேட்கச் சலிக்கவில்லை. பின்னாளில் சினிமாக்காரன் ஆனவர்கள் எல்லோரும் சின்ன வயதில் படம் பார்த்த கதையைச் சொல்வார்கள். படத்துக்குத் தண்ணீர் ஊற்றிய கதை இவரிடம் மட்டும்தான் கேட்டிருக்கிறேன்.

1942இல் ஹாலிவுட் இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் ரியோவுக்கு வந்து முடிக்க முடியாமல் போன படத்தில் துணை நடிகர்களில் ஒருவராகக் கூட்டத்தில் நின்றார். 1947இல் 'கெரிடா சுசானா'வில் நாயகன். அதன்பின் அட்லான்டிடா நிறுவனம்.

27 மே, பின்னிரவு

அட்லான்டிடா பற்றித் தனியாகச் சொல்லாமல் விட்டால் கதை புரியாது. 1941இல் ரியோவில் தொடங்கிய நிறுவனம். 1947இல் நாட்டின் பெரிய திரையரங்கு முதலாளியான லூயிஸ் செவெரியானோ ரிபேய்ரோவின் கைக்குப் போனது. படம் எடுப்பவரும் அவரே, ஓட்டுபவரும் அவரே. கார்னிவல் வருவதற்கு முன் படம் தயாராக வேண்டும், அந்த வருடப் பாட்டுகள் அதில் இருக்க வேண்டும். இந்தப் பாட்டு-கூத்துப் படங்களுக்கு 'சன்ஷாடா' என்று பெயர். விமர்சகர்கள் அதைத் திட்டுவதற்குப் பயன்படுத்தினார்கள், மக்கள் டிக்கெட் வாங்குவதற்குப் பயன்படுத்தினார்கள்.

'கார்னவால் நோ ஃபோகோ' (1949) அதில் உச்சம். வாட்சன் மசேடோ இயக்கம். நகைச்சுவை நடிகர்களான ஆஸ்கரித்தோவும் கிராந்தி ஓத்தெலோவும் ரோமியோ-ஜூலியட் மாடக் காட்சியைக் கிண்டல் செய்யும் இடம் இதில்தான் வருகிறது. கிராந்தி ஓத்தெலோதான் ஜூலியட், பொன்னிறச் சடையோடு. நாயகன் நம்மாள். நாயகி எலியானா. வில்லன் ஜோசே லெவ்கோய். படத்தின் கதையும் துவார்ட்டே கொடுத்தது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. அதாவது மீசையும் சிரிப்புமாக நின்ற காலத்திலேயே அவர் பேனாவையும் பிடித்துவிட்டார்.

30 மே

"அழகன் என்பதைத் தவிர நடிப்பு உண்டா?" என்று ஒரு நண்பர் கேட்டிருக்கிறார். அந்தக் காலப் படங்களில் இல்லை. நானே சொல்லிவிடுகிறேன். நாயகியின் தோளைப் பிடித்துக்கொண்டு கேமராவுக்கு முக்கால் முகம் காட்டும் வகை. ஆனால் இந்தப் பதிலைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். 1967க்கு வரும்போது வேறு கதை.

1 ஜூன்

வேரா க்ரூஸ் காலம். சாவோ பாவ்லோ பணக்காரர்களுக்கு ரியோவின் கூத்துப் படங்கள் மீது இளக்காரம். 1949இல் ஃபிராங்கோ ஜாம்பாரி தலைமையில் சாவோ பெர்னார்டோ டோ காம்போவில் ஐரோப்பியத் தரத்தில் வேரா க்ரூஸ் ஸ்டூடியோவைக் கட்டினார்கள். வெளிநாட்டில் பெயர் வாங்கியிருந்த இயக்குநர் அல்பெர்த்தோ கவல்காந்தியை வரவழைத்தார்கள். அவரோடு இங்கிலாந்திலிருந்தும் ஐரோப்பாவிலிருந்தும் தொழில்நுட்பக்காரர்கள் வந்தார்கள். துவார்ட்டேயையும் இழுத்துக்கொண்டார்கள்.

அங்கே 'டிக்கோ-டிக்கோ நோ ஃபுபா'வில் (1952) இசையமைப்பாளர் செகின்யா டி அப்ரேயுவாக நடித்தார். அது 1952 கான் போட்டியில் இருந்த படம். ஆக, பத்து வருடம் முன்பே இவர் முகம் கான் திரையில் தெரிந்திருக்கிறது. அடிமை ஒழிப்புக் காலத்துக் கதையான 'சின்யா மோசா' (1953) வெனிஸில் பரிசு வாங்கியது.

அந்த ஸ்டூடியோ ஐந்தாறு வருடத்தில் நொடித்துப்போனது. செலவு அரண்மனைக் கணக்கு. விநியோகம் கொலம்பியா என்ற அமெரிக்கப் பட நிறுவனத்தின் கையில். 'ஓ கங்கசேய்ரோ' உலகம் முழுக்க ஓடியும் வேரா க்ரூஸின் கடன் அடையவில்லை. கட்டடம் மிஞ்சியது, ஆட்கள் மிஞ்சினார்கள். அந்த ஆட்களில் ஒருவர் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்: சிக் ஃபௌல், ஆங்கில ஒளிப்பதிவாளர். 1936இன் புகழ்பெற்ற பிரிட்டிஷ் ஆவணப்படம் 'நைட் மெயில்' படத்தின் ஒளிப்பதிவில் பங்கு அவருக்கு உண்டு.

3 ஜூன்

முதல் இயக்கம் 'அப்சொலூட்டமென்டி செர்ட்டோ' (1957). அச்சகத்தில் எழுத்துக் கோக்கும் லைனோடைப் இயந்திரம் ஓட்டும் தொழிலாளிக்கு டெலிபோன் டைரக்டரி முழுவதும் மனப்பாடம். டிவி வினாடி-வினா நிகழ்ச்சிக்குப் போகிறான். பந்தயக் கும்பல் ஒன்று அவனை வளைக்கப் பார்க்கிறது. நாயகன் துவார்ட்டேவே, கூட டெர்சி கோன்சால்வெஸ், ஓடெட் லாரா. பிரேசிலுக்கு டிவி வந்து ஏழே வருடம்தான் ஆகியிருந்தது. அதற்குள் டிவியை வைத்து ஒரு கிண்டல்.

இந்தப் படத்தை இழையில் யாரும் தேடிப் பார்க்கப் போவதில்லை என்று தெரியும். எனக்கு மிகவும் பிடிக்கும். ஒன்றரை மணி நேரம் மூச்சு விடாமல் போகும். குறுகிய இடத்தில் நிறையப் பேரை அடைத்து, யார் எங்கே நிற்கிறார்கள் என்பது குழம்பாமல் காட்சி எடுக்கும் கை இதிலேயே தெரிகிறது.

6 ஜூன்

சரி, தங்கப் பனை வாங்கிய பகடோர்.

டியாஸ் கோமெஸின் நாடகம். 1960இல் சாவோ பாவ்லோவின் டிபிசி அரங்கில் ஃபிளாவியோ ராங்கேல் மேடையேற்றினார். தலைமை வேடத்தில் லியொனார்டோ வில்லார். படத்திலும் அவரே. தயாரிப்பு ஓஸ்வால்டோ மசாய்னி. ஒளிப்பதிவு, மேலே சொன்ன சிக் ஃபௌல். இசை காப்ரியேல் மிக்லியோரி.

கதையை ஒரு பத்தியில் சொல்லலாம். சே டோ புர்ரோ வடகிழக்குப் பிரேசிலின் பாஹியா மாநிலத்து உட்பகுதி விவசாயி. நிக்கோலாவ் என்கிற அவனுடைய கழுதை சாகக் கிடந்தபோது, அது பிழைத்தால் சால்வடோரிலுள்ள சான்டா பார்பரா கோயிலுக்கு இயேசு சுமந்த மாதிரிச் சிலுவை சுமந்துவருகிறேன் என்று வேண்டிக்கொள்கிறான். தன் நிலத்தையும் ஏழைகளுக்குப் பங்கு போடுகிறேன் என்கிறான். கழுதை பிழைக்கிறது. மனைவி ரோசாவைக் கூட்டிக்கொண்டு, தோள் புண்ணாகச் சிலுவையோடு விடியும் முன் வந்து நிற்கிறான். பாதிரியார் ஒலாவோ காரணம் கேட்கிறார். இவனும் மறைக்காமல் சொல்கிறான்: வேண்டிக்கொண்டது கன்டோம்ப்ளே கூடத்தில், இயன்சாவிடம். ஆப்பிரிக்க வழிபாட்டில் புயலுக்குரிய தெய்வம் இயன்சா. பாஹியா மக்களுக்கு அவளும் சான்டா பார்பராவும் ஒன்றுதான். பாதிரியாருக்கு ஒன்றில்லை. கதவைச் சாத்திவிடுகிறார்.

மீதிப் படம் முழுக்க அந்தப் படிக்கட்டில்தான். எடுத்த இடம் சால்வடோரின் பழைய நகரில் உள்ள பாசோ தேவாலயத்தின் படிகள். பத்திரிகைக்காரன் வந்து "நிலத்தைப் பங்கு போடுகிறாயா, அப்படியானால் நீ நிலச்சீர்திருத்தப் போராளி" என்று செய்தி ஜோடிக்கிறான். அது விவசாயிகள் சங்கங்கள் வடகிழக்கை உலுக்கிக்கொண்டிருந்த நேரம். சாப்பாட்டுக் கடைக்காரன் வியாபாரம் பார்க்கிறான். பொனித்தாவ் என்ற விபசாரத் தரகன் ரோசாவைக் கொண்டுபோய்விடுகிறான். மேலிடத்திலிருந்து மொன்சிஞோர் என்ற பெரிய பாதிரியார் வந்து, "உன் நேர்ச்சையை நான் மாற்றித் தருகிறேன், வேறு ஏதாவது செய்" என்று சலுகை கொடுக்கிறார். அவன் மறுக்கிறான். கொடுத்த வாக்கு அவருக்குக் கொடுத்ததில்லையே. கடைசியில் போலீஸ் வருகிறது, தள்ளுமுள்ளில் குண்டு பாய்கிறது. கப்போய்ரா என்ற சண்டையும் நடனமும் கலந்த ஆட்டம் ஆடும் ஆட்கள் அவன் உடலைச் சிலுவை மேலேயே கிடத்திக் கோயிலுக்குள் கொண்டுபோகிறார்கள். உயிரோடு நுழைய முடியாதவன் பிணமாக நுழைகிறான்.

நாடகத்தில் இதெல்லாம் இருக்கிறது. படத்தில் கூடுதலாக என்ன என்றால், படிக்கட்டு. மேலே கதவு, கீழே தெரு, நடுவில் அவன். ஒவ்வொரு ஆளும் எத்தனை படி ஏறி வந்து அவனிடம் பேசுகிறான் என்பதிலேயே அவனுடைய தகுதியும் நோக்கமும் தெரிந்துவிடும். பாதிரியார் கடைசிப் படிக்குக் கீழே இறங்க மாட்டார். கப்போய்ராக்காரர்கள் கீழே வட்டமாக உட்கார்ந்து பெரிம்பாவ் என்ற ஒற்றைத் தந்தி வாத்தியத்தை வாசித்துக்கொண்டிருப்பார்கள், நேரம் வரும்வரை.

7 ஜூன்

யாரோடு போட்டியிட்டு ஜெயித்தது என்று கேட்டால் தலை சுற்றும். அன்டோனியோனியின் 'கிரகணம்', புனுவேலின் 'அழிக்கும் தேவதை', ப்ரெஸ்ஸோனின் 'ஜோன் ஆஃப் ஆர்க்கின் விசாரணை', அனியெஸ் வர்தாவின் 'க்ளியோ'. நம் சத்யஜித் ராயின் 'தேவி'யும் அதே வருடப் போட்டியில்தான். நடுவர்களில் ஒருவர் ஃபிரான்சுவா த்ரூஃபோ.

'தேவி'யையும் பகடோரையும் அடுத்தடுத்த நாட்களில் பார்த்தேன். இரண்டிலும் நம்பிக்கைதான் விஷயம். ஒன்றில் பக்தி ஒரு பெண்ணைச் சிதைக்கிறது. மற்றதில் பக்தியைத் தடுக்கும் நிறுவனம் ஒருவனைக் கொல்கிறது. இரண்டில் எது மேல் என்றால் என் வாக்கு 'தேவி'க்கு. இந்த இழையில் இதைச் சொல்வது துரோகம்தான், பரவாயில்லை.

அடுத்த ஆண்டு ஆஸ்கர் வெளிநாட்டுப் படப் பிரிவில் பகடோர் கடைசி ஐந்தில் வந்தது. தென்னமெரிக்காவிலிருந்து அந்த இடத்துக்கு வந்த முதல் படம். விருது பிரெஞ்சுப் படமான 'சிபெலும் ஞாயிறுகளும்' படத்துக்குப் போனது. பிரேசில் அந்த விருதைத் தொடுவதற்கு 2025 மார்ச் வரை, 'நான் இன்னும் இங்கே இருக்கிறேன்' வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதில் காணாமல்போகும் அப்பாவாக வருபவர் மேலே சொன்ன அதே செல்டன் மெல்லோ.

10 ஜூன்

எங்கள் ஊர்த் திரைப்படச் சங்கத்தில் ஒருமுறை பகடோரைப் போட்டோம். புரொஜெக்டர் பாதியில் மக்கர் செய்து, படிக்கட்டில் ஒருவன் வாயைத் திறந்தபடி நின்றுவிட்டான். விளக்கைப் போட்டோம். சரிசெய்யும்வரை சும்மா இருக்க முடியாமல் கூட்டத்தில் விவாதம் தொடங்கிவிட்டது. எதிர்பார்க்காத வகையில் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் பாதிரியாருக்காக வாதாடினார். "இவன் சொல்வதை ஒப்புக்கொண்டால் நாளைக்கு அவர் எந்த விதியை வைத்துக் கோயில் நடத்துவார்?" என்றார். அவரை எல்லோரும் மொய்த்துவிட்டார்கள்.

எனக்கு அப்போது அவர் பேச்சு எரிச்சலாக இருந்தது. இந்த இழைக்காக மறுபடி பார்த்தபோது டியோனிசியோ அசெவேடோ அந்தப் பாதிரியாரை எவ்வளவு நியாயத்தோடு நடித்திருக்கிறார் என்று தெரிந்தது. அந்த ஆள் கெட்டவனில்லை, பயந்தவன். கூட்டம் சேரச்சேர அவருடைய பிடிவாதமும் சேயின் பிடிவாதமும் ஒரே அளவில் ஏறுகின்றன. ஆசிரியர் சொன்னதில் பாதியையாவது படமே ஒப்புக்கொள்கிறது என்று இப்போது நினைக்கிறேன்.

12 ஜூன்

"அப்படியானால் உலகப் புகழ் பெற்றிருக்க வேண்டுமே, ஏன் பெயரே கேள்விப்படவில்லை?" சரியான கேள்வி. நான் சொல்ல வந்ததும் இதைத்தான்.

1962இல் பிரேசிலில் 'சினிமா நோவோ' என்ற புதிய சினிமா இயக்கம் கிளம்பிக்கொண்டிருந்தது. க்ளௌபர் ரோஷா, நெல்சன் பெரெய்ரா டோஸ் சான்டோஸ், ரூய் கெர்ரா. கையில் கேமரா, தலையில் யோசனை, செலவு குறைவு, அழகுபடுத்தல் கூடாது. 1963இல் ரோஷா எழுதிய பிரேசில் சினிமா விமர்சன நூல் அந்தக் கூட்டத்தின் கொடி மாதிரி. அவர்களுக்குத் துவார்ட்டே யார்? சன்ஷாடா நாயகன், வேரா க்ரூஸ் நாயகன். தாங்கள் ஒழிக்க நினைத்த இரண்டு சினிமாக்களும் ஒரே உடம்பில் நடந்துவருகின்றன. அந்த ஆள் போய் உலகத்தின் பெரிய விருதைத் தூக்கிக்கொண்டு வந்தால்? படம் பளபளப்பாக இருக்கிறது, பழைய பாணி, நாடகத்தனம் என்றார்கள். துவார்ட்டே கடைசிவரை இதைப் பொறாமை என்றே சொல்லிக்கொண்டிருந்தார்.

இரண்டு பக்கமும் முழு நியாயம் இல்லை. ரோஷாவின் 'பர்ரவென்டோ'வும் அதே 1962, அதே பாஹியா, அதே கன்டோம்ப்ளே. அது மீனவர்களின் நம்பிக்கையை அவர்களைக் கட்டிப்போடும் கயிறாகப் பார்க்கிறது. பகடோர் அந்த நம்பிக்கையின் பக்கம் நிற்கிறது. இது பாணிச் சண்டை மட்டுமில்லை, மக்களை எங்கிருந்து பார்ப்பது என்ற சண்டை. அந்த வகையில் ரோஷாவின் எரிச்சல் வெறும் பொறாமையில்லை.

ஆனால் நடிகர்களைப் பாருங்கள். பகடோரின் பொனித்தாவ் ஜெரால்டோ டெல் ரே, பத்திரிகைக்காரன் ஓத்தோன் பாஸ்டோஸ். இருவரும் 1964இல் ரோஷாவின் 'கறுப்புக் கடவுளும் வெள்ளைப் பிசாசும்' படத்தின் தூண்கள். கப்போய்ராக்காரராக வரும் அன்டோனியோ பிட்டாங்கா 'பர்ரவென்டோ'வின் நாயகன். பகடோரில் நடித்த நோர்மா பெங்கெல் அதே 1962இல் ரூய் கெர்ராவின் 'ஓஸ் கஃபஜெஸ்டெஸ்' படத்தில். ஏட்டில்தான் இரண்டு முகாம். படப்பிடிப்பில் ஒரே ஆட்கள்.

12 ஜூன், கொஞ்சம் கழித்து

மேலே எழுதியதோடு இதையும் சேர்க்க வேண்டும். பகடோரின் பலம் எது என்று கேட்டால், நூறு பேர் கூடும் படிக்கட்டில் ஒவ்வொருவரையும் தனியாகத் தெரியவைப்பதுதான். இதை அவர் எங்கே கற்றார்? ஐரோப்பாவிலா? கார்னிவல் கூட்டத்தில் ஆஸ்கரித்தோ எங்கே, வில்லன் எங்கே, பாட்டு எப்போது என்று சில வருடம் நின்று பார்த்த இடத்தில். அந்தப் படிக்கட்டு சன்ஷாடாவின் பிள்ளை. அவரைத் திட்டியவர்களும் சரி, கான் விருதை வைத்துத் தன்னை உயர்த்திக்கொள்ள நினைத்த அவரும் சரி, இதை உரக்கச் சொன்னதாகத் தெரியவில்லை.

15 ஜூன்

அடுத்து எடுத்தது 'வெரெடா டா சல்வசாவ்' (1965). ஜோர்ஜி அன்ட்ராடேயின் நாடகம். 1955இல் மினாஸ் ஜெராய்ஸில் நிலமற்ற கூலிகளிடையே மதவெறி மூண்டு, பேய் பிடித்தது என்று குழந்தைகளையே கொன்ற உண்மைச் சம்பவத்திலிருந்து பிறந்தது. ரௌல் கோர்ட்டெஸ் நடிப்பு நடுக்கம் தரும். நீளநீளமான ஷாட்டுகள், ஆறுதலுக்கு இடமே இல்லை. பெர்லின் போட்டிக்குப் போனது, வெறுங்கையோடு வந்தது. உள்ளூரிலும் ஓடவில்லை. தன் படங்களில் சிறந்தது இதுதான் என்பது துவார்ட்டேயின் கட்சி. "பளபளப்பு" என்று சொன்னவர்களுக்குப் பதில் சொல்லத்தான் இப்படி எடுத்தாரோ என்று தோன்றும். அந்த இறுக்கமே படத்தைக் கொஞ்சம் நெரிக்கிறது. எனக்குப் பகடோர்தான்.

16 ஜூன்

1967. மே 30இல் குறித்துக்கொள்ளச் சொன்னேனே.

லூயிஸ் செர்ஜியோ பெர்சன் இயக்கிய 'ஓ காசோ டோஸ் இர்மாவ்ஸ் நாவெஸ்'. 1937, மினாஸ் ஜெராய்ஸின் அரகுவாரி. பணத்தோடு ஒருவன் காணாமல்போகிறான். நாவெஸ் சகோதரர்கள் இருவரும் அவனைக் கொன்றுவிட்டதாகச் சந்தேகம். அவர்களையும் தாயையும் சித்திரவதை செய்து வாக்குமூலம் வாங்குகிறார்கள். சிறை. 1952இல், செத்ததாகச் சொன்ன ஆள் உயிரோடு ஊர் திரும்புகிறான். அதற்குள் சகோதரர்களில் ஒருவர் இறந்துபோயிருந்தார். நடந்த கதை, நடந்த ஊரிலேயே எடுத்தார்கள்.

அந்தச் சித்திரவதை லெப்டினன்ட் அன்செல்மோ துவார்ட்டே. பழைய காதல் நாயகனின் முகம் அப்படியே இருக்கிறது, கொஞ்சம் சதை போட்டிருக்கிறது. அந்த அழகையே ஆயுதமாக்குகிறார். கத்துவதைவிடச் சும்மா நிற்கும்போதுதான் பயம். 1964 ராணுவப் புரட்சிக்கு மூன்று வருடம் கழித்து இப்படியொரு சீருடைக்காரனைத் திரையில் காட்டியது சின்ன விஷயமில்லை. 1937 என்ற தேதியைப் போட்டுக்கொண்டு 1967ஐப் பேசியது படம். நடிகர் துவார்ட்டேயை ஒரே ஒரு படத்தில் பார்ப்பதென்றால் இதைப் பாருங்கள்.

21 ஜூன்

மீதியைச் சுருக்கமாக. 'கெலே டோ பஜேயு' (1969) பிரேசிலில் 70 மி.மீ.இல் வந்த முதல் படம், டார்சிசியோ மெய்ரா நாயகன். பெரிசாக இருக்கிறது, அவ்வளவுதான். எரிகோ வெரிசிமோவின் நாவலிலிருந்து 'உம் செர்ட்டோ கபிட்டாவ் ரோட்ரிகோ' (1971). அந்த ஆண்டு கான் நடுவர் குழுவிலும் உட்கார்ந்தார். 'ஓ க்ரிமி டோ சே பிகோர்னா' (1977) பரவாயில்லை. 2009 நவம்பரில் சாவோ பாவ்லோவில் காலமானார், வயது 89. சால்ட்டோவில் இன்று ஒரு அரங்கத்துக்கு 'தங்கப் பனை அரங்கம்' என்றே பெயர்.

22 ஜூன்

ஆமாம், பெலேவை வைத்தும் படம் எடுத்தார். 'ஓஸ் ட்ரோம்பாடின்யாஸ்', 1979. தெருப் பிள்ளைகளை ஏவித் திருடவைக்கும் கும்பலைப் பெலே எதிர்க்கிறார். இயக்குநராக அவருடைய கடைசிப் படம். பெலே பந்து உதைக்கும் இடங்கள் நன்றாக இருக்கின்றன. மற்ற இடங்களில் அவர் மனிதர்களை உதைக்கிறார். தேட வேண்டாம். தேடித்தான் தீருவேன் என்றால் முதலில் 'நாவெஸ்' பார்த்துவிட்டுப் போங்கள்.